திரும்பி வருபவர்களின் ஐதராபாத்

1998இல் ஐதராபாத்தில் இரண்டு திறப்புகள் நடந்தன. நவம்பரில், மாதாப்பூர்ப் பாறைகளுக்கு நடுவே எழுந்த சைபர் டவர்ஸ் என்ற வட்டக் கட்டடத்தைப் பிரதமர் வாஜ்பாய் திறந்துவைத்தார். அதே ஆண்டில், அமெரிக்காவில் சுற்றுச்சூழல் பொறியாளராக வேலை பார்த்த ஒரு ஐதராபாத்காரர் தன் சம்பளச் சேமிப்பைப் போட்டு எடுத்த 'ஹைதராபாத் புளூஸ்' திரைக்கு வந்தது. கட்டடம் ஊரின் பிள்ளைகளை வெளிநாட்டு வேலைக்குப் பழக்கியது. படமோ, அப்படிப் போன ஒருவன் திரும்பி வந்தால் வீட்டில் என்ன நடக்கும் என்று காட்டியது. வேலைக்காகக் கடல் கடந்துபோனவர் எடுத்த படங்களைப் பற்றி ஐதராபாத்தில் பேசத் தொடங்கினால் இந்த ஆண்டைத் தவிர்க்க முடியாது.

புலம்பெயர்ந்தோர் சினிமா என்றதும் உலக அளவில் முதலில் நினைவுக்கு வருபவர்களில் வியட்நாமியர் உண்டு. ட்ரான் அன் ஹுங் 1962இல் தா நாங்கில் பிறந்தவர். 1975இல், சைகோன் வீழ்ந்த ஆண்டில், சிறுவனாகப் பிரான்ஸ் போய்ச் சேர்ந்தார். 1993இல் அவர் எடுத்த 'பச்சைப் பப்பாளியின் மணம்' 1950களின் சைகோன் வீடொன்றில் நடக்கிறது. முற்றம், மரம், எறும்பு, பப்பாளிக்காயைக் கீறினால் வடியும் பால் எல்லாம் அதில் உண்டு. ஆனால் அந்த வீடு பாரிஸ் அருகே ஒரு படப்பிடிப்புத் தளத்தில் கட்டப்பட்டது. ஒரு பிரேம்கூட வியட்நாமில் எடுக்கப்படவில்லை. கான் விழாவில் முதல் படத்துக்கான தங்கக் கேமரா விருதைப் பெற்ற அந்தப் படம், ஆஸ்கர் இறுதிப் பட்டியலில் வியட்நாமின் பெயரிலேயே நின்றது. ஹனோயில் பிறந்து அமெரிக்காவில் வாழும் ட்ரின் டி. மின்-ஹா நேர்எதிர் வழியில் போனவர். 1989இல் அவர் எடுத்த ஆவணப்படத்தில் வியட்நாமியப் பெண்கள் தம் வாழ்க்கையைச் சொல்கிறார்கள். பாதிப் படத்துக்குப் பிறகுதான் அவர்கள் அமெரிக்காவில் வாழும் பெண்கள் என்பதும், வேறு பெண்களின் நேர்காணலைக் கேமராமுன் நடித்துக் காட்டியவர்கள் என்பதும் நமக்குப் பிடிபடும். முன்னவர் விட்டுவந்த வீட்டை அப்படியே மறுபடி கட்டினார். பின்னவர், அப்படிக் கட்ட முடியும் என்ற நம்பிக்கையையே கேள்வி கேட்டார். இருவருக்கும் பொதுவான ஒன்று, ஊர் எட்டாத தூரத்துக்குப் போய்விட்டது என்பது. (சைகோனுக்கும் நமக்கும் ஒட்டுறவு இல்லாமல் இல்லை. பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் புதுச்சேரி, காரைக்கால் தமிழர்கள் அங்கே போய் அரசு வேலை பார்த்தார்கள். அங்கே இன்னும் ஒரு மாரியம்மன் கோயில் இருக்கிறது. அவர்களில் பெரும்பாலோர் 1975ஐ ஒட்டி வெளியேறினார்கள். அந்தக் குடும்பங்களின் கதைக்கும் ஒருவர் கேமரா எடுத்தால் நல்லது.)

ஐதராபாத்காரருக்கு ஊர் அப்படித் தொலையவில்லை. இருபத்துச் சொச்சம் மணி நேர விமானப் பயணம், அவ்வளவுதான். புறப்பட்ட விதம் வேறு என்றால் நினைக்கும் விதமும் வேறாகத்தானே இருக்கும்? இந்தக் கட்டுரையின் கேள்வி அதுதான்.

நாகேஷ் குகுநூர் 1967இல் ஐதராபாத்தில் பிறந்தவர். பள்ளிப் படிப்பின் ஒரு பகுதி நம்முடைய ஏற்காட்டில், மாண்ட்ஃபோர்ட் விடுதிப் பள்ளியில். உஸ்மானியாவில் வேதிப் பொறியியல் முடித்து, 1988இல் அட்லாண்டா போய் ஜார்ஜியா டெக்கில் சுற்றுச்சூழல் பொறியியல் படித்தார். அங்கேயே வேலை. ஓய்வு நேரத்தில் நடிப்பும் இயக்கமும் கற்றுக்கொண்டார். பிறகு ஊருக்கு வந்து, 17 நாளில், 17 லட்ச ரூபாயில் ஒரு படத்தை எடுத்து முடித்தார். எழுத்து, இயக்கம், தயாரிப்பு, கதாநாயகன் எல்லாம் அவரே. அன்றைய மும்பைப் படம் ஒன்றின் ஒற்றைப் பாட்டுக்கு ஆகும் செலவில் முழுப் படம் என்று பேசிக்கொண்டார்கள். பெருநகரங்களின் திரையரங்குகளில் அது ஓடிய ஓட்டம், இந்தியாவில் ஆங்கிலம் கலந்த சிறு முதலீட்டுப் படங்களுக்கு ஒரு பாதையைத் திறந்துவிட்டது.

கதை எளிது. வருண் நாயுடு பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பின் விடுமுறையில் வருகிறான். பெற்றோர் பெண் பார்க்கிறார்கள். அவனுக்கு அந்த ஏற்பாட்டில் நம்பிக்கை இல்லை. அஷ்வினி என்ற மருத்துவரைச் சந்திக்கிறான். காதல், பிணக்கு, குடும்பத்தின் கைபிசைதல். பேச்சு ஆங்கிலத்தில் தொடங்கி தெலுங்குக்குத் தாவி, இந்தியில் சண்டை போட்டுவிட்டு மறுபடி ஆங்கிலத்துக்கு வரும். அந்த ஊரின் நடுத்தர வர்க்க வீடுகளில் உண்மையாகவே அப்படித்தான் பேசுவார்கள். திரையில் அதுவரை அப்படிப் பேசியது அரிது. படத்தின் நிலையான பேறு இதுதான் என்று நினைக்கிறேன். கதையை மறந்தவர்களுக்கும் நண்பர்களின் அரட்டை நினைவில் நிற்கிறது.

படத்தில் நினைவு என்ற பொருள் எங்கே இருக்கிறது என்று தேடிப் பார்த்தால் வியப்பாக இருக்கிறது. வருண் எதையும் தேடி வரவில்லை. பழைய வீடு, பாட்டி, இடிந்த ஹவேலி, சார்மினார் மாலைநேரம் ஆகியவற்றின் மேல் அவனுக்கு ஏக்கமே இல்லை. அவனை உறுத்துவது, தான் போனபோது இருந்த விதிகள் இன்னமும் அப்படியே இருப்பதுதான். ஹுங்கின் படத்தில் ஊர் தொலைந்ததுதான் துயரம். குகுநூரின் படத்தில் ஊர் மாறாமல் இருப்பது வேடிக்கையாகிறது. திரும்பிச் செல்ல விமானச் சீட்டு கையில் இருப்பவருக்கு ஊர் நகைச்சுவையாகத் தெரியும்; அது தவறும் அல்ல. ஆனால் வருண் அமெரிக்கச் சுதந்திரம் பேசுகிற அளவுக்கு அஷ்வினியின் இக்கட்டைப் புரிந்துகொள்வதில்லை. அவளுக்கு இங்கேயே மருத்துவம் பார்த்துக்கொண்டு இங்கேயே இருக்க வேண்டியிருக்கிறது. அந்த இரட்டை அளவுகோலைப் படம் ஓரளவு தானே காட்டிக்கொடுக்கிறது. நாயகனை நடித்தவரே இயக்குநராக இருந்தும் அவனை முழுக்க நியாயப்படுத்தாமல் விட்டது மெச்சத்தக்கது.

இதே காலத்தில் அமெரிக்காவிலிருந்து 'ஏபிசிடி', 'அமெரிக்கன் தேசி' என்று அங்கே வளர்ந்த இந்தியப் பிள்ளைகளின் படங்கள் வந்தன. அவை அங்கே நின்று இங்கே பார்த்தவை. குகுநூர் இங்கே வந்து நின்றுகொண்டு, அங்கிருந்து கொண்டுவந்த கண்ணால் பார்த்தார். 2004இல் எடுத்த இரண்டாம் பாகத்தில் வருண் ஐதராபாத்திலேயே தங்கிக் கால் சென்டர் நடத்துகிறான். கதை கல்யாணத்துக்குப் பிந்திய சச்சரவு. ஆறே ஆண்டில் புலம்பெயர்ந்தவன் என்ற பிரச்சினையே கரைந்துபோயிற்று. அமெரிக்க நேரம் ஐதராபாத்துக்கு வந்து சேர்ந்துவிட்ட பிறகு யார் எங்கே அந்நியர்? குகுநூரும் அந்தப் பொருளை விட்டுவிட்டு, 'இக்பால்', 'டோர்', 'தனக்' என்று வேறு திசையில் நடந்தார். 2025இல் அவர் இயக்கிய 'தி ஹன்ட்' தொடர் ராஜீவ் கொலை வழக்கைப் புலனாய்வு அதிகாரிகளின் வழியே பின்தொடர்கிறது. ஏற்காட்டில் படித்தவர் இவ்வளவு காலம் கழித்துத் தமிழ்நாட்டுக்குத் திரும்பியது ஸ்ரீபெரும்புதூர் வழியாக.

குகுநூருக்குப் பிறகு இந்தக் கேள்வியை விடாமல் பிடித்துக்கொண்டவர் சேகர் கம்முலா. இவரும் பொறியியல், பிறகு அமெரிக்கா, அங்கே கணினி வேலை. ஆனால் அதை விட்டு வாஷிங்டனில் உள்ள ஹோவர்ட் பல்கலைக்கழகத்தில் திரைப்படக் கலை படித்தார். கறுப்பின மாணவர்களுக்காக எழுந்த பல்கலைக்கழகம் அது. அந்தச் சூழலில் படித்தவர் 'டாலர் ட்ரீம்ஸ்' (2000) என்ற முதல் படத்தில் வருண்களின் வருகையை எடுக்கவில்லை, புறப்பாட்டை எடுத்தார். அமெரிக்கா போகலாமா வேண்டாமா என்று ஐதராபாத் நண்பர்கள் கூடி விவாதிக்கும் படம். அறிமுக இயக்குநருக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. கலைத்தரத்தில் அது பிசிறடிக்கும் படம்தான், விவாத மேடை வாடை நிறைய அடிக்கும். ஆனாலும் போகும் முன்பே ஒருவனுக்குள் ஊர் எப்படிக் கழன்றுபோகிறது என்று காட்டிய முதல் தெலுங்குப் படம் என அதைச் சொல்லலாம்.

பதினேழு ஆண்டு கழித்து அதே கம்முலா 'ஃபிதா' எடுத்தார். சாய் பல்லவி நடித்த பானுமதி, தெலங்கானாவின் பான்ஸ்வாடாக்காரி. அக்காவுக்கு அமெரிக்க மாப்பிள்ளை. மாப்பிள்ளையின் தம்பி மீது இவளுக்குக் காதல். ஆனால் அப்பாவை விட்டு, மண்ணை விட்டு நகர மாட்டேன் என்கிறாள். கடைசியில் அவன்தான் இறங்கி வருகிறான். அவன் பெயரும் வருண். தற்செயல்தான், ஆனால் சுவையான தற்செயல். 1998இன் வருண் ஊரைத் திருத்தப் பார்த்தான், 2017இன் வருண் ஊருக்குள் மருமகனாக நுழைகிறான். தனித் தெலங்கானா 2014இல் பிறந்துவிட்டது இடையில். வட்டார வழக்கைக் கேலிப் பாத்திரங்களுக்கு மட்டும் கொடுத்துவந்த தெலுங்கு சினிமாவில், அதைத் தலை நிமிர்ந்து பேசும் நாயகி வெற்றி பெற்றாள். பேசியவர் நம் நீலகிரிப் பெண் என்பதை நாம் கொஞ்சம் பெருமையோடு குறித்துக்கொள்ளலாம்.

ஆனால் இங்கே ஒரு சந்தேகம். பானுமதியின் பிடிவாதத்தைக் கொண்டாடியவர்களில் கணிசமானோர் டல்லஸிலும் நியூ ஜெர்சியிலும் உட்கார்ந்து பார்த்தவர்கள். தெலுங்குப் படத்துக்கு அமெரிக்கா இன்று பெரும் சந்தை. முதல் காட்சி அங்கேதான் முந்திக்கொள்ளும், டாலர் கணக்கு மறுநாள் விளம்பரத்தில் வரும். ஐதராபாத்துக்கு வெளியே சில்கூர் பாலாஜியை விசா பாலாஜி என்றே அழைக்கிறார்கள். வேண்டிக்கொள்ளப் பதினொரு சுற்று, விசா கிடைத்ததும் வந்து நூற்றெட்டுச் சுற்று. நூற்றெட்டும் சுற்றிவிட்டு விமானம் ஏறியவருக்கு, அங்கே போனபின் கூட்டுக் குடும்பமும் சங்கராந்தி முற்றமும் திரையில் வேண்டும். பெரிய நிறுவனங்கள் அதை அளந்து பரிமாறுகின்றன. கேமராவைத் தாமே எடுக்க வேண்டிய அவசியம் தெலுங்குப் புலம்பெயர்ந்தோருக்கு ஏன் குறைந்துபோனது என்பதற்கு இது ஒரு விடை. டிக்கெட் வாங்குபவராகவே அவர்கள் கதையை மாற்றும் பலம் பெற்றுவிட்டார்கள். குகுநூர்களும் கம்முலாக்களும் விதிவிலக்காக நிற்பதும் இதனால்தான். 'மல்லேசம்' எடுத்த ராஜ் ராசகொண்டா போல, அமெரிக்கத் தொழில்நுட்ப வேலையிலிருந்து வந்து போச்சம்பள்ளி நெசவாளியின் நூல் சுற்றும் ஆசு எந்திரத்தைப் பற்றிப் படமெடுத்தவர்களும் உண்டு. அவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

இதுவரை சொன்ன படங்களில் மூசி ஆற்றின் தென்கரையில் உள்ள பழைய நகரம் அநேகமாக வரவில்லை. அது வருகிற படம் குந்தா நிகிலின் 'தி அங்ரேஜ்'. 2000களின் நடுவில் வெளிவந்த அந்தத் தக்கனி உருது நகைச்சுவையில், அமெரிக்காவிலிருந்து வந்த இரண்டு கணினிப் பையன்கள் சார்மினாரைப் பார்க்கப் போய், டீக்கடையில் பொழுது போக்கும் இஸ்மாயில் பாய் கூட்டத்தோடு உரசிக்கொள்கிறார்கள். இஸ்மாயில் பாய்க்கு அவர்கள் அங்ரேஜ், வெள்ளைக்காரன்கள்தாம். படம் முழுக்கக் கொச்சையும் வீராப்பும். மதிப்புமிக்க விழா எதிலும் அதைப் போட மாட்டார்கள். ஆனால் திரும்பி வந்தவனைப் பார்த்து ஊர் சிரிக்கிற கோணம் அதில் மட்டும்தான் இருக்கிறது. சலீம் பேக்கு என்ற புளுகன் பாத்திரம், வெளிநாடுகளில் வாழும் ஐதராபாத்காரர்களிடமும் பெயர் பெற்றது. அவர்கள் தம் ஊரை நினைத்துக்கொள்ள எடுத்துவைத்த படம் எது என்று கேட்டால், பலர் 'ஹைதராபாத் புளூஸை' விட இதைத்தான் சொல்வார்கள் என்பது என் கணிப்பு.

அமெரிக்காவுக்கு முன்பே ஐதராபாத்திலிருந்து இரண்டு பெரும் புறப்பாடுகள் நடந்திருக்கின்றன. முதலாவது 1948. செப்டம்பரில் இந்திய ராணுவம் நுழைந்து நிஜாம் ஆட்சி முடிந்தபின், அதிகார வட்டத்து முஸ்லிம் குடும்பங்கள் பல கராச்சிக்குப் போயின. அங்கே பகதூராபாத் பகுதியில், நாற்சந்தி ஒன்றில் ஒரு சார்மினாரையும் கட்டி வைத்திருக்கிறார்கள், சிறிய அளவில். பாகிஸ்தான் தொலைக்காட்சி நாடகத்தைச் செதுக்கியவர்களில் பலர் அந்த வழி வந்தவர்கள். ஐதராபாத் சமஸ்தானத்தில் பிறந்த பாத்திமா சுரையா பஜியா, அவர் தம்பி அன்வர் மக்சூத் இருவரும் அங்கே வீட்டுக்கு வீடு தெரிந்த பெயர்கள். அவர்கள் எழுதிய வீடுகளின் மரியாதைப் பேச்சிலும் உணவு மேசையிலும் தக்காணம் ஒளிந்திருக்கிறது. ஆனால் விட்டுவந்த ஊரை நேராகப் பார்க்கும் ஒரு முழுநீளப் படம் அந்தப் பக்கத்திலிருந்து இங்கே நம் கவனத்துக்கு வந்து சேரவில்லை. எல்லை கடந்து வந்து கேமரா வைக்க அவர்களுக்கு அனுமதி எங்கே? ஹுங்குக்குப் பாரிஸில் தளம் கிடைத்தது. கராச்சிக்காரர்களுக்குச் சிமெண்டுச் சார்மினார் கிடைத்தது.

இரண்டாவது, 1973இல் எண்ணெய் விலை ஏறியபின் தொடங்கிய வளைகுடாப் பயணம். பழைய நகரத்து முஸ்லிம்கள் சவுதிக்கு, கரீம்நகர், நிஜாமாபாத், ஜகித்யால் பக்கத்து விவசாயிகள் துபாய்க்கும் மஸ்கட்டுக்கும். எண்ணிக்கையும் குடும்பத்தில் விட்ட வெற்றிடமும் எந்த அளவில் பார்த்தாலும் சிறிதல்ல. மலையாளிகள் இதை வைத்து ஒரு சினிமா மரபையே கட்டியிருக்கிறார்கள். 'வரவேல்பு' முதல் 'பத்தேமாரி', 'ஆடுஜீவிதம்' வரை. தெலுங்கில் தேடினால் 2017இல் பி. சுனில் குமார் ரெட்டி எடுத்த 'கல்ஃப்' போல ஒன்றிரண்டுதான். குகுநூரே வளைகுடாவைத் தொட்ட படம் 'டோர்' (2006). சவுதிக்குப் போன இரண்டு கணவர்கள், ஊரில் இரண்டு மனைவிகள். மூலம் கமலின் மலையாளப் படமான 'பெருமழக்காலம்'. இந்தியில் எடுத்தபோது கதையை இமாசலத்திலும் ராஜஸ்தானிலும் வைத்தார். தன் ஊரிலேயே வைத்திருக்கலாம். ஐதராபாத்தில் எந்தத் தெருவில் வைத்திருந்தாலும் நம்பியிருப்பார்கள். படம் அழகானது, அதன் பாலைவனமும் அழகானது. அந்த அழகுதான் எனக்கு இடறுகிறது.

வளைகுடாப் பணம் ஐதராபாத்தில் என்ன செய்தது என்பதைத் துணிந்து சொன்ன படம் 1982இலேயே வந்துவிட்டது: சாகர் சர்ஹதியின் 'பஜார்'. வயதான வளைகுடா மாப்பிள்ளைக்கு ஏழை வீட்டுச் சிறுபெண்ணை முடித்துவைக்கும் பேரத்தில், ஸ்மிதா பாட்டீல் நடித்த நஜ்மா தானும் ஒரு கண்ணியாகிப்போகிறாள். சுப்ரியா பாடக்கின் ஷப்னம் பலியாகிறாள். கய்யாம் இசையில் மக்தூம் மொகியுத்தீனின் கவிதை ஒலிப்பதால் மட்டுமல்ல, அந்த வீடுகளின் திரைச்சீலையும் கடனும் தெரிந்த கையால் எழுதப்பட்டதாலும் அது ஐதராபாத் படம். சர்ஹதி ஐதராபாத்காரர் அல்லர். இன்று பாகிஸ்தானில் இருக்கும் பஃபா என்ற ஊரில் பிறந்து, 1947இல் அகதியாக இந்தியா வந்தவர். ஊர் இழந்தவருக்கு, ஊருக்குள்ளேயே விலைபோன பெண்ணைப் பார்க்கத் தெரிந்திருக்கிறது.

வளைகுடாவுக்குப் போனவர்களில் ஏன் ஒரு குகுநூர் கிளம்பவில்லை? ஏழ்மை என்று ஒரே சொல்லில் முடித்துவிடுவது சோம்பல். ஈழத்தமிழரைப் பாருங்கள். போர் துரத்திக் கையில் ஒன்றுமில்லாமல் போனவர்கள்தாம். ஆனால் கனடாவில் லெனின் எம். சிவம் '1999', 'எ கன் அண்ட் எ ரிங்' என்று டொராண்டோத் தமிழ்த் தெருக்களைப் படமாக்கினார். பாரிஸிலிருந்து பிரதீபன் ரவீந்திரன் எடுத்த குறும்படங்கள் பெர்லினுக்கும் கானுக்கும் போயின. அவரது முழுநீளப் படம், 2009இன் கடைசிப் போரை இணையத்தில் மட்டும் பார்க்கக் கிடைத்த ஓர் அகதி இளைஞனின் தலைக்குள் நடக்கிறது. பிரெஞ்சுக்காரர் ஜாக் ஓதியார் 2015இல் கான் தங்கப்பனை வாங்கிய 'தீபன்' படத்துக்கு முகம் கொடுத்தவரும் பிரான்ஸில் வாழும் எழுத்தாளர் ஷோபாசக்திதான். தஞ்சம் கொடுத்த நாடுகள் அவர்களுக்குக் குடியுரிமை கொடுத்தன. பிள்ளைகள் அங்கே பள்ளி போனார்கள். கலைக்குப் பொதுப்பணம் ஒதுக்கும் ஏற்பாடும் இருந்தது. மலேசியத் தோட்டத் தமிழரின் பேரப்பிள்ளைகளிடமிருந்து 2015இல் 'ஜகாட்' வந்ததற்கும் தலைமுறைகளாக அங்கே வேர் விட்டிருந்தது காரணம். அமெரிக்கா போன ஐதராபாத்காரருக்குச் சேமிப்பு இருந்தது, திரும்பி வர வழியும் இருந்தது. வளைகுடாவில் கஃபாலா முறையில் வேலைக்காரரின் இருப்பே முதலாளியின் கையெழுத்தில் தொங்கிவந்தது. நாற்பதாண்டு உழைத்தாலும் அவர் அந்த நாட்டுக்காரர் ஆவதில்லை. குடும்பத்தை அழைத்துக்கொள்ளவே சம்பள வரம்பு. இரண்டாம் தலைமுறை என்று ஒன்று வேர்விட இடமில்லாத இடத்தில், அங்கும் இங்கும் பார்த்து நிற்கும் கலைஞர் உருவாகக் காலம் கிடைப்பதில்லை. ஊருக்கு வந்தால் வீடு கட்டுவார்கள், தங்கை கல்யாணம் முடிப்பார்கள், மறுபடி ஏறுவார்கள்.

பெண்கள் இந்தக் கணக்கில் இன்னும் குறைவு. அமெரிக்க ஐதராபாத் பெண்ணின் இரட்டை வாழ்வைத் தேடினால் நாவலுக்குத்தான் போக வேண்டும். சமீனா அலி 2004இல் எழுதியது ஐதராபாத் கதை, தலைப்பில் மெட்ராஸ் மழை பெய்யும். ஆவணப்படத்தில், 1984 ஐதராபாத் கலவரத்தைப் பற்றி, அங்கேயே பிறந்த தீபா தன்ராஜ் 1986இல் எடுத்த 'க்யா ஹுவா இஸ் ஷஹர் கோ?' இருக்கிறது. புலம்பெயர்ந்தவர் படமல்ல அது. ஆனால் வெளியே போனவர்கள் எதையெல்லாம் நினைக்காமல் விட்டார்கள் என்று அறிய, 'ஹைதராபாத் புளூஸை' அதோடு அடுத்தடுத்துப் பார்க்க வேண்டும். பன்னிரண்டு ஆண்டு இடைவெளிதான் இரண்டுக்கும். ஒன்றில் ஊரடங்கு போட்ட தெருக்கள் மற்றதில் இல்லவே இல்லை.

எடுக்கப்படாத படம் ஒன்று எங்கே கிடக்கிறது என்று கேட்டால், சந்திராயன்குட்டாவுக்குத் தெற்கே பர்காஸைச் சொல்வேன். ஏமனின் ஹத்ரமவுத்திலிருந்து நிஜாமின் படைக்கு வந்த அரபுகளின் வாரிசுகள் வாழும் பகுதி. 1948இல் படை கலைந்ததும் பிழைப்பு போயிற்று. எண்ணெய் காலம் வந்ததும் அவர்களில் பலர் பாட்டன் புறப்பட்ட திசைக்கே வேலைக்காரர்களாகத் திரும்பிப் போனார்கள். வந்த அயலகம், போன அயலகம் இரண்டும் ஒரே தெருவில். இன்று அங்கே கேமராக்களுக்குப் பஞ்சமில்லை. யூடியூப்காரர்கள் வாரம் தவறாமல் வருகிறார்கள், பெரிய தட்டில் மந்தி சோறு வந்து இறங்குவதைப் படமெடுத்துக்கொண்டு போகிறார்கள்.